கல்லேரிப் பாறையின் சம்மதம்

கல்லேரியில் கல்யாணப் பேச்சு எடுத்தால் முதலில் ஜோசியரிடம் போவார்கள், பிறகு திண்டிவனம் ஜவுளிக்கடைக்குப் போவார்கள், கடைசியில் பாறையிடம் போவார்கள். ஜோசியர் வேண்டாம் என்றால் வேறு ஜோசியர் இருக்கிறார். பாறை ஒன்றுதான்.

மல்லாட்டை என்கிற வேர்க்கடலைக் கொல்லைகளைத் தாண்டி ஊருக்கு மேற்கே கிடக்கிறது அந்தப் பாறை. மலை என்று சொல்ல முடியாது, மேடு என்று சொன்னால் ஊர்க்காரர்கள் சண்டைக்கு வருவார்கள். உச்சியில் கோடையிலும் வற்றாத ஒரு சுனை. அந்தச் சுனைக்கு அடியில், எத்தனை ஆழத்தில் என்று எவனுக்கும் தெரியாது, எப்போதாவது ஒரு முழக்கம் எழும். அது காதுக்கு வருவதற்கு முன் காலுக்கு வரும். உள்ளங்கால் கூசும், முழங்கால் அதிரும், பிறகு பல்லெல்லாம் கூசும். அதற்கப்புறம்தான் சத்தமே கேட்கும். பக்கத்தில் சொம்பில் தண்ணீர் வைத்திருந்தால் அதில் வட்டம் வட்டமாக விழும். கொஞ்ச நேரத்தில் அடங்கிவிடும். மறுபடி எப்போது என்று கேட்டால் பதில் கிடையாது. மழைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை, அமாவாசைக்கும் சம்பந்தமில்லை.

பட்டணத்திலிருந்து ஜீப்பில் ஒரு அதிகாரி வந்தார். பாறையில் இரும்புக் கம்பியை ஊன்றி அதில் காதை வைத்துக்கொண்டு இரண்டு நாள் உட்கார்ந்திருந்தார். பாறை வாயைத் திறக்கவில்லை. "எல்லாம் காத்துதான்" என்று சொல்லிவிட்டு, ஊர்க்காரர் கோதண்டபாணி கொடுத்த வெள்ளரிப் பிஞ்சுகளை ஜீப்பில் போட்டுக்கொண்டு போய்விட்டார். ஜீப் ஏரிக்கரை தாண்டியிருக்காது, பாறை முழங்கியது. கோட்டக்குப்பத்திலிருந்து சைக்கிளில் கருவாடு கொண்டுவரும் காதர் பாட்சா, கடலுக்கு அடியிலும் இப்படி ஒரு சத்தம் உண்டு, வலை போடுகிறவர்களைக் கேட்டுப் பாருங்கள் என்பார். கடலைப் பார்க்காத கல்லேரிக்காரர்கள் அதை நம்பவுமில்லை, மறுக்கவுமில்லை.

அவர்களுக்கு வேண்டிய விளக்கம் ஏற்கெனவே கையில் இருந்தது. பூவும் பொட்டுமாகச் செத்துப்போன பெண்கள் சுனைக்கு அடியில் போய் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பூவாடைக்காரி என்று பெயர். வீட்டில் ஒரு நல்ல காரியம் என்றால் பம்பை மேளக்காரரைக் கூட்டிக்கொண்டு போய், புடவையும் வளையலும் பலகாரமும் படைத்து, பம்பையை அடித்து அவளை அழைக்கவேண்டும். பாறை முழங்கினால் அவள் சரி என்று சொல்லிவிட்டாள். பாறை நிறுத்திவைத்த கல்யாணம் என்று ஒன்று ஊர்ச் சரித்திரத்திலேயே கிடையாது. காரணம் லேசானது. ஒரு வெள்ளிக்கிழமை முழங்காவிட்டால் அடுத்த வெள்ளிக்கிழமை போவார்கள். அதிலும் முழங்காவிட்டால் அதற்கடுத்த வெள்ளிக்கிழமை. விட்டேனா பார் என்று நின்றால் கல்லும் எத்தனை நாளைக்குத்தான் சும்மா இருக்கும்?

ஐம்பத்தெட்டாம் வருஷம் பாறையிடம் ஒரு கேள்வி போனது. கோதண்டபாணியின் பெரிய மகள் தையல்நாயகியை விழுப்புரத்துக்குத் தெற்கே ஒரு ஊரில் தாண்டவராயனுக்குக் கட்டிக்கொடுத்திருந்தார்கள். தலைப்பிரசவத்துக்குத் தாய்வீட்டுக்கு வந்தாள். தாய் இல்லாத தாய்வீடு. அம்மா போய் வருஷங்கள் ஆகியிருந்தன. தங்கை கிருஷ்ணவேணிதான் வெந்நீர் வைத்தாள், விளக்கெண்ணெய் காய்ச்சினாள். பெண் குழந்தை சுகமாகப் பிறந்தது. பெற்றவளுக்கு உதிரம் நிற்கவில்லை. கட்டை வண்டியில் வைக்கோலைப் பரப்பி, அவளைப் படுக்கவைத்து, திண்டிவனத்துக்கு ஓட்டினார்கள். அக்காவின் தலை கிருஷ்ணவேணியின் மடியில் இருந்தது. "தண்ணி குடுடி" என்றாள் அக்கா. வேணி சொம்பைச் சாய்த்தாள். அந்தத் தண்ணீர் உள்ளே போகாமல் வாயோரம் வழிந்தபோது திண்டிவனம் ரயில்வே கேட்கூடக் கண்ணுக்குத் தெரியவில்லை.

அன்றைக்கு ஊரே மாரில் அடித்துக்கொண்டு அழுதது. கிருஷ்ணவேணி அழவில்லை. அவளுக்கு நேரமில்லை. மாட்டுக் கொட்டகையில் உட்கார்ந்து, துணித் திரியைச் சர்க்கரைத் தண்ணீரில் நனைத்து, குழந்தையின் வாயில் வைத்துக்கொண்டிருந்தாள். கருமாதி அன்றும் குழந்தைக்கு வயிற்றுப்போக்கு. அப்புறம் பாலாடையில் ஆட்டுப்பால் புகட்டப் பழக்கினாள். தூளி ஆட்டினாள். எண்ணெய் தேய்த்துக் கால்மேல் போட்டுக் குளிப்பாட்டினாள். பேர் வைக்கும் நினைப்பு யாருக்கும் வராததால் அம்மணி, அம்மணி என்று கூப்பிட்டு அதுவே பேராகிவிட்டது. பிறகு அழலாம் என்று அவள் நினைக்கவுமில்லை. உள்ளே ஏதோ ஒன்று மரத்துப்போய்விட்டது, அவ்வளவுதான். கூழ்ச்சட்டியை வெறுங்கையால் இறக்கிவிட்டு, கொப்புளத்தைச் சாயங்காலம்தான் பார்த்தாள். புளிக்குழம்பில் உப்பு போட்டோமா என்று நாக்கில் வைத்துப் பார்த்தால் தெரியவில்லை. அப்பா சாப்பிட்டுவிட்டு எழுந்தால் சரியாக இருக்கிறது என்று வைத்துக்கொண்டாள்.

அரை வருஷம் ஆனதும் தாண்டவராயனின் அம்மா வீரம்மாள் வந்தாள். கெட்டவள் அல்ல. மகனுக்கு யார் சோறு போடுவது, பேத்தியை யார் வளர்ப்பது என்ற கவலை அவளுக்கு. அந்தக் கவலைக்கு அவளிடம் ஒரே மருந்துதான் இருந்தது.

"அண்ணே, ஊருல இல்லாத வழக்கமா? அக்கா எடத்துக்குத் தங்கச்சி வர்றதுதான் மொறை. புள்ளையும் வேணி கைக்குப் பழகிக்கினு கீது. வெளிய எவளையாவது கொண்டாந்தா இந்தப் புள்ளைக்குக் கூழு ஊத்துவாளா, சுடுதண்ணி ஊத்துவாளா, யாரு கண்டா?"

கோதண்டபாணி துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "எனக்கு ஒண்ணுமில்லம்மா. தையலைக் கேக்கணும். அவ வூட்டுக்காரரு, அவ புள்ள. அவ சரின்னா சரி."

"அதுக்கின்னா, கேட்டுட்டாப் போச்சி."

இந்தப் பேச்சு நடக்கும்போது கிருஷ்ணவேணி பத்தடி தள்ளி கேப்பைக் கூழ் துழாவிக்கொண்டிருந்தாள். செத்துப்போனவளைக் கேட்க வெள்ளிக்கிழமை குறித்தார்கள், பலகாரம் என்ன என்று பேசினார்கள், பம்பைக்கு ஆள் சொன்னார்கள். உயிரோடு கூழ் துழாவிக்கொண்டிருந்தவளை ஒருத்தரும் திரும்பிப் பார்க்கவில்லை. எனக்கு இதை நினைத்தால் இன்றைக்கும் ஆத்திரம் வருகிறது. ஆனால் ஒன்று சொல்லவேண்டும். அன்று கேட்டிருந்தாலும் அவள் ஒன்றும் சொல்லியிருக்க மாட்டாள். வேண்டும் என்பதும் வேண்டாம் என்பதும் அவளிடம் இல்லை. பாறை முழங்கினால் அக்கா புருஷனுக்குக் கழுத்தை நீட்டவேண்டும். குழந்தை பாலுக்கு அழுதது, எழுந்து போனாள்.

முதல் வெள்ளிக்கிழமை சின்னக்கண்ணு பம்பையோடு வந்தார். அந்தப் பக்கத்தில் அவரைப்போல அடிக்க ஆளில்லை என்று அவரே சொல்வார், பிறரும் சொல்வார்கள். சுனை ஓரம் மஞ்சள் மெழுகி, வாழையிலை போட்டு, அதிரசமும் கொழுக்கட்டையும் வைத்தார்கள். தையல்நாயகிக்கு அதிரசம் ஆகாது, எண்ணெய் வாடை என்று ஒதுக்குவாள். வேணிக்கு அது தெரியும். சொல்லத் தோன்றவில்லை. சின்னக்கண்ணு அடித்தார், அழைத்தார், அவள் பிறந்த வீட்டுப் பெருமையையும் புகுந்த வீட்டுப் பெருமையையும் பாடினார். பாறை பிடித்துவைத்த பிள்ளையாராக இருந்தது. இருட்டத் தொடங்கியதும் இறங்கி வந்தார்கள்.

இரண்டாம் வெள்ளிக்கிழமை புதுப்புடவை வைத்தார்கள். அன்றும் இல்லை. "கோவமா கீறா" என்றார் சின்னக்கண்ணு. "சின்ன வயசுல போனவ இல்லியா, ரோசம் இருக்கும். அவளோட கூறைப்பொடவையக் கட்டிக்கினு தங்கச்சி வந்து நிக்கட்டும். தன் பொருளைப் பாத்தா மனசு எளகும்."

அப்படியே மூன்றாம் வெள்ளிக்கிழமை தையல்நாயகியின் கூறைப்புடவையை வேணிக்குக் கட்டிவிட்டார்கள். வீரம்மாள் கொசுவம் வைத்தாள். பெட்டியில் கிடந்த புடவை, நாப்தலின் உருண்டை வாசனையும் அதற்கடியில் அக்காவின் வாசனையும் அடித்தது. அதைக் கட்டிக்கொண்டு சுனை ஓரம் நின்றாள். எதிரே தாண்டவராயன் ஈர வேட்டியோடு நின்றான். அவள் பக்கம் ஒருமுறை தலையைத் தூக்கியவன், சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டு சுனைத் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தான். வேணி அதைக் கவனித்தாள். கவனித்ததோடு சரி.

பம்பை இரைந்தது. சின்னக்கண்ணுவின் விரல் வெடித்து ரத்தம் தோலில் தெறித்தது. பாறை அசையவில்லை. பொறுத்துப் பொறுத்துப் பார்த்த வீரம்மாள் தலைமுடியை அவிழ்த்து விட்டுக்கொண்டு ஆடத் தொடங்கினாள். "வந்துட்டேன்டா! நான் தையலு வந்துட்டேன்டா! எனக்குச் சம்மதம்டா!"

எல்லோரும் கோதண்டபாணியைப் பார்த்தார்கள். அவர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"நீங்க ஒக்காருங்கம்மா, மூச்சு வாங்குது" என்றார் நிதானமாக. "தையல் கல்யாணத்துக்கு இவ அம்மாளைக் கேட்டப்போ பாறைதான் சொல்லிச்சி. வேணி கல்யாணத்துக்கும் பாறைதான் சொல்லணும்."

வீரம்மாள் கொண்டையைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். அடுத்த வெள்ளிக்கிழமை பார்த்துக்கொள்ளலாம் என்று முடிவாயிற்று.

அந்த வெள்ளிக்கிழமை காலையில் கூறைப்புடவையை அலசவேண்டும் என்று கிருஷ்ணவேணி குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு சுனைக்குப் போனாள். மூன்றாம் வாரம் அப்பிய மஞ்சள் அதில் அப்படியே இருந்தது. சாயங்காலம் மறுபடி கட்டவேண்டும். அம்மணியைப் பாறை நிழலில் உட்காரவைத்து, கையில் ஒரு மல்லாட்டைக் கொத்தைக் கொடுத்துவிட்டு, சுனையில் இறங்கினாள். கீழே கொல்லையில் எண்ணெய் எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. கண்ணுக்கு எட்டியவரை ஆள் இல்லை.

புடவையை இரண்டு கசக்குக் கசக்கியிருப்பாள். உள்ளங்கால் கூசியது.

நண்டு என்று நினைத்துக் காலை மாற்றிவைத்தாள். அந்தக் காலும் கூசியது. தண்ணீரில் அவளைச் சுற்றி வட்டங்கள் எழுந்தன. அதிர்வு முழங்காலுக்கு வந்தது, தொடைக்கு வந்தது, வயிற்றுக்குள் போனது. பல் ஒன்றோடொன்று கிட்டியது. பிறகு அடியாழத்திலிருந்து அந்தச் சத்தம். பம்பைக்கு வராதது, படையலுக்கு வராதது, யாரும் கூப்பிடாதபோது வந்தது. குழந்தை மல்லாட்டையைக் கீழே போட்டுவிட்டு, தரையை உற்றுப் பார்த்து, கையால் பாறையைத் தட்டியது.

கிருஷ்ணவேணி கரையேறி அப்படியே பாறையில் கவிழ்ந்து படுத்துவிட்டாள். பாறை சூடாக இருந்தது. சூடு அவளுக்குத் தெரிந்தது! கன்னத்தில் சொரசொரப்பு தெரிந்தது. நெஞ்செலும்புக்கு நடுவில் முழக்கம் ஏறி ஏறி அடித்தது. மரத்த காலுக்கு ரத்தம் திரும்பும்போது ஊசி குத்துமே, அந்த மாதிரி உடம்பு பூராவும் குத்தியது. முதலில் வந்தது துக்கம் அல்ல, கோபம். "நீ பாட்டுக்குப் போயிட்டே" என்றாள் பாறையில் வாயை வைத்து. "புள்ளைய எங்கிட்டப் போட்டுட்டுப் போயிட்டே. இப்ப புருசனையும் குடுக்கிறியா? ஒன்னைக் கேக்கறாங்க. என்னை யாரும் கேக்க மாட்டன்றாங்க. எனக்கு வேணாம். கேக்குதா? எனக்கு வேணாம்!"

சொன்ன பிறகுதான் தனக்கு வேண்டாம் என்பது அவளுக்கே தெரிந்தது. இத்தனை நாள் எங்கே இருந்ததோ. முழக்கம் மெல்ல அடங்கியது. புடவை சுனையில் மிதந்துகொண்டிருந்தது.

முழக்கத்தைக் கேட்டது அவளும் ஒரு கைக்குழந்தையும்தான். எஞ்சின் சத்தத்தில் கொல்லைக்காரர்களுக்குக் கேட்டிருக்க வழியில்லை. வாயை மூடிக்கொண்டு வீட்டுக்குப் போனால், ஊரைப் பொறுத்தவரை பாறை முழங்கவே இல்லை. அடுத்த முழக்கம் மாசம் கழித்தோ வருஷம் கழித்தோ. அதற்குள் வீரம்மாள் சலித்து மகனுக்கு வேறு பெண் பார்த்துவிடுவாள். கூட இருந்து யோசனை சொல்லியிருந்தால் நானும் அதைத்தான் சொல்லியிருப்பேன். வேணி வழியெல்லாம் அதை நினைத்துக்கொண்டே வந்தாள். ஆனால் பொய் சொல்லித் தப்பித்தால், அப்போதும் பாறைதான் அவளுக்காகப் பேசியதாக ஆகும்.

வீட்டில் எல்லோரும் இருந்தார்கள். வீரம்மாளும் தாண்டவராயனும் காலை பாசஞ்சரில் திண்டிவனம் வந்து, அங்கிருந்து வந்துசேர்ந்திருந்தார்கள். சின்னக்கண்ணு முற்றத்தில் பம்பைக் கயிற்றை இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தார். ஈரப் புடவையும் குழந்தையுமாக வேணி வாசலில் நின்றாள்.

"பாறை மொழங்கிச்சிப்பா" என்றாள்.

வீரம்மாள் குலவை போட்டாள். சின்னக்கண்ணு கன்னத்தில் போட்டுக்கொண்டார். கோதண்டபாணிக்குக் கண் கலங்கிவிட்டது. "எங்கண்ணு தையலு" என்றார்.

"நான் இன்னும் சொல்லி முடிக்கல" என்றாள் வேணி. "அக்கா சரின்னுடிச்சி. நான் சொல்லல."

"இன்னாது?" என்றாள் வீரம்மாள்.

"எனக்குச் சம்மதமில்ல அத்தே."

"பாறையே சொன்ன பொறவு ஒன்னை இன்னாத்துக்குக் கேக்கணும்? யாராவது ஒன்னைக் கேட்டாங்களா?"

"கேக்கல. அதான் நானே சொல்றேன்."

கோதண்டபாணி மகளை, ஏதோ புது ஆளைப் பார்ப்பதுபோல் பார்த்தார். "பூவாடை வாக்கைத் தட்டினா குடும்பத்துக்கு ஆவாதும்மா. புள்ளைய நெனச்சிப் பாரு."

"புள்ளைய நான் வளக்கறேன். அதுக்குத் தாலி எதுக்குப்பா?"

வீரம்மாள் எழுந்தாள். முகம் சிவந்திருந்தது. "தாலி இல்லன்னா புள்ளையும் இல்ல. இது எங்க வூட்டுப் புள்ள. டேய், கெளம்புடா." வேணியின் இடுப்பிலிருந்து அம்மணியை இழுத்தாள். குழந்தை வேணியின் ரவிக்கையைப் பிடித்துக்கொண்டு வீறிட்டது. பிஞ்சு விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்துக்கொண்டு போனாள். தாண்டவராயன் வாசலில் ஒருகணம் நின்றான். பிறகு அம்மாவின் பின்னால் போனான். ஏரிக்கரை வரைக்கும் குழந்தையின் அழுகை கேட்டது.

அதற்குப் பிறகு வந்த நாட்களை வேணி எப்படித் தள்ளினாள் என்று கேட்காதீர்கள். முன்பு ஒன்றும் தெரியாமல் இருந்தது. இப்போது எல்லாம் தெரிந்தது. கூழ் சுட்டது, புளி புளித்தது, காலித் தூளி கண்ணை உறுத்தியது. அப்பா பேசவில்லை. தண்ணீர்த் துறையில் பெண்கள் அவளைக் கண்டால் குடத்தை நகர்த்திக்கொண்டார்கள். ஊர் வாயை மூட உலைமூடி ஏது? சம்மதம் என்று ஒரு வார்த்தை சொல்லியனுப்பினால் குழந்தை மறுநாளே வந்துவிடும். அந்த வார்த்தை தொண்டை வரை வந்து வந்து போயிற்று. சொல்லவும் இல்லை, அழவும் இல்லை.

ஒரு மத்தியானம் தாண்டவராயன் தனியாக வந்தான். தோளில் குழந்தை துவண்டு தூங்கியது. இளைத்துப்போயிருந்தது. வெயிலில் நடந்து வந்ததில் அவன் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

"பால் எறங்கல" என்றான். "எங்கம்மா ஊட்டிப் பாத்துச்சி. துப்பிடுது." குழந்தையை வேணியின் மடியில் விட்டுவிட்டுச் சுவரோரம் உட்கார்ந்தான்.

வேணி பாலாடையை எடுத்தாள். குழந்தை கண்ணைத் திறக்காமலே குடித்தது. அது குடித்து முடிக்கும் வரைக்கும் அவன் காத்திருந்தான்.

"எங்கம்மா சொல்லி நான் வரல. நானேதான் வந்தேன். ஒன்னை ஒண்ணு கேக்கணும்." தொண்டையைச் செருமிக்கொண்டான். "என்னைக் கட்டிக்க ஒனக்கு இஷ்டமா, வேணி?"

அவள் அவனை நேராகப் பார்த்தாள். நல்ல மனுஷன். அக்கா இவனைப் பற்றிச் சொல்லிச் சொல்லிச் சிரித்திருக்கிறாள். மடியில் குழந்தை கனத்தது. இல்லை என்றால் எழுந்து தூக்கிக்கொண்டு போய்விடுவான்.

"இல்ல மாமா" என்றாள்.

"சரி" என்றான் தாண்டவராயன்.

காலிப் பாலாடையை ஓரமாக நகர்த்தி வைத்துவிட்டு, "என்னையும் யாரும் கேக்கல" என்றான். "கேட்டிருந்தா நானும் அதான் சொல்லியிருப்பேன். அந்தப் பொடவையோட நீ நின்னியே, அன்னிக்கு அவளேதான் நிக்கறான்னு நெனச்சிட்டேன். அப்பறம் பாத்தா நீ. தெனம் காலையில எழுந்து அந்த மாதிரி பாத்துக்கினு எப்பிடி இருக்கறது? என்னால ஆவாது."

எழுந்தான். துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். குழந்தையைத் தூக்கவில்லை. "இது இங்கயே இருக்கட்டும். எங்கம்மாகிட்ட நான் பேசிக்கறேன். வாரத்துக்கு ஒரு வாட்டி வந்து பாத்துட்டுப் போறேன்."

வாசலைத் தாண்ட அவன் காலை எடுத்துவைத்தபோது பின்னால் ஒரு சத்தம் கேட்டது. திரும்பினான். கிருஷ்ணவேணி குழந்தையை நெஞ்சோடு சேர்த்துக்கொண்டு குனிந்திருந்தாள். தோள் குலுங்கியது. வாயைத் திறந்திருந்தாள், முதலில் காற்றுதான் வந்தது, பிறகு அடிவயிற்றிலிருந்து அழுகை வந்தது. அவன் நின்று பார்த்தான். போகமுடியவில்லை. திரும்பி வந்து அவள் எதிரே தரையில் உட்கார்ந்தான். அவனும் அழுதான். ஆண்பிள்ளை என்ற கூச்சம்கூட இல்லாமல், துண்டை வாயில் அடைத்துக்கொண்டு அழுதான்.

கொல்லையிலிருந்து மண்வெட்டியோடு வந்த கோதண்டபாணி வாசலிலேயே நின்றுவிட்டார். மருமகன் ஒரு பக்கம், மகள் ஒரு பக்கம், நடுவில் பேத்தி. குழந்தைக்குத்தான் ஏதோ ஆகிவிட்டது என்று அவருக்குக் கைகால் ஓடவில்லை.

"இன்னா ஆச்சி? ஏம்மா, இன்னாடி ஆச்சி?"

கிருஷ்ணவேணி தலையைத் தூக்கினாள். அன்றைக்குத்தான் செய்தி வந்ததுபோல் அப்பாவைப் பார்த்துச் சொன்னாள்.

"அக்கா செத்துப்போயிடிச்சிப்பா."

கோதண்டபாணி மண்வெட்டியைச் சுவரில் சாய்த்துவிட்டு, அவர்கள் பக்கத்தில் உட்கார்ந்தார்.